தலைச்சூல் அட்டையில் ஒரு குறியெண்

பிற மாநிலங்களில் குடியேறிய தமிழ்க் குடும்பங்கள் எத்தனையோ பழக்கங்களைக் கைவிட்டுவிட்டன. தலைப்பிரசவத்திற்குப் பெண்ணைத் தாய்வீட்டுக்கு அழைத்துச் செல்லும் வழக்கத்தை மட்டும் அவ்வளவு எளிதில் விடவில்லை. மும்பையிலோ சூரத்திலோ கருவுற்றவள், ஏழாம் மாதத்தில் வளையலடுக்கி, ரயிலேறித் திருநெல்வேலிப் பக்கமோ சேலத்துப் பக்கமோ வந்து சேருகிறாள். அவளுடைய பெட்டியில் தாய்சேய் நல அட்டையும் வருகிறது. அதில் முந்தைய ஆறு மாதக் கதை மராத்தியிலோ குஜராத்தியிலோ, அவசரமான ஆங்கிலக் கிறுக்கலிலோ எழுதப்பட்டிருக்கும். இங்குள்ள நர்சம்மாள் அதை எப்படிப் படிப்பார்? அந்தப் பெண்ணுக்கு வயது பதினெட்டோ பத்தொன்பதோ ஆனால், படிக்கத் தவறுவது பெருந்தீங்காகவும் முடியலாம்.

மொழி தடுமாறும் இவ்விடத்தில் எண் துணைக்கு வருகிறது. நோய்களுக்கும், மருத்துவமனையை நாடி வரும் காரணங்களுக்கும் உலகம் முழுவதற்கும் பொதுவான ஒரு பட்டியல் உண்டு. பாரிஸ் நகரத்துப் புள்ளியியலாளர் ழாக் பெர்தியோன் 1893-இல் மரண காரணங்களுக்காக வகுத்த பட்டியலே அதன் மூலம். 1948-இல் உலக சுகாதார நிறுவனம் அப்பொறுப்பை ஏற்றபோது, இறந்தவர்களின் கணக்கோடு உயிரோடிருப்பவர்களின் நோய்க் கணக்கும் அதில் இடம்பெற்றது. அதன் பத்தாம் திருத்தத்தில் ‘ஓ’ என்னும் ஆங்கில எழுத்து கர்ப்பத்திற்கும் பிரசவத்திற்கும் உரியது. ‘இசட்’ என்னும் எழுத்து, நோய் இல்லாவிடினும் மருத்துவரை நாட நேரும் காரணங்களுக்கு உரியது. (ஓ எழுத்தையும் சுழியத்தையும் மயங்கிப் படித்து இடர்ப்பட்டவர்கள் பலர். 2022 ஜனவரி முதல் நடைமுறைக்கு வந்த பதினோராம் திருத்தத்தில் அந்த எழுத்தையே நீக்கிவிட்டார்கள்.)

அந்தப் பத்தாம் திருத்தத்தில் ‘இசட் 34’ என்றால் இயல்பான கர்ப்பத்தின் கண்காணிப்பு. ‘இசட் 35’ என்றால் ஆபத்து மிகுந்த கர்ப்பத்தின் கண்காணிப்பு. பின்னதன் உட்பிரிவான ‘இசட் 35.6’ மிக இளம்வயதுத் தலைச்சூலுக்கென்றே ஒதுக்கப்பட்டது. 34-க்கும் 35-க்கும் இடையே ஓர் இலக்கந்தான் வேறுபாடு. ஆனால் அந்த ஓர் இலக்கம், ‘இப்பெண்ணைப் பத்தோடு பதினொன்றாக வரிசையில் நிறுத்தாதே’ என்று அடுத்த மருத்துவருக்குச் சொல்லி அனுப்பும் செய்தியாகும்.

வயது எத்தனைக்குக் கீழ் இருந்தால் ‘மிக இளம்வயது’ என்ற கேள்வி எழும். அமெரிக்கர்கள் தங்களுக்கென வகுத்துக்கொண்ட பதிப்பில், பிரசவம் எதிர்பார்க்கும் நாளில் 16 நிரம்பாதவளுக்கே அக்குறி உண்டு. நம் நாட்டின் தாய்மைப் பாதுகாப்புத் திட்டத்திலோ 20 நிரம்பாத தலைச்சூலே கவனத்திற்குரியது. நம் நாட்டு அளவுகோலே நமக்கு ஏற்றது என்பேன். 2019-21-இல் நடந்த தேசியக் குடும்பநல ஆய்வின்படி, 15 முதல் 19 வயது வரையுள்ள பெண்களில் 6.8 சதவீதம் பேர் தாயாகவோ கர்ப்பிணியாகவோ இருந்தனர். 16 என்று கோடு கிழித்தால் இவர்களில் பெரும்பாலோர் கோட்டுக்கு வெளியே நின்றுவிடுவார்கள்.

இளந்தாய்க்கு என்ன ஆபத்து? அவளுடைய உடலே இன்னும் வளர்ந்து முடியவில்லை. உண்பதை அவளும் சிசுவும் பங்கிட்டுக்கொள்ள வேண்டும். ரத்தசோகை முதலில் வருகிறது. கர்ப்ப காலத்தில் ஹீமோகுளோபின் 11 கிராமுக்குக் குறைந்தால் சோகை. 7-க்குக் குறைந்தால் கடுஞ்சோகை. அடுத்தது ரத்த அழுத்தம். கை, முகம் வீங்கி, தலைவலித்து, கண் இருண்டு, இறுதியில் வலிப்பாக முடியக்கூடிய நோய் இருபதைக் கடந்த தாய்மாரைவிட இவர்களை அதிகமாகத் தாக்குகிறது. குறைமாதப் பிரசவமும் எடை குறைந்த குழந்தையும் கூடவே வரும். சோகைக்கு ‘ஓ 99.0’ என்றும், அழுத்தத்துடன் சிறுநீரில் புரதமும் காணும் நிலைக்கு ‘ஓ 14’ என்றும் தனித்தனி எண்கள் உண்டு. வயதைக் குறிக்கும் எண் இவற்றுக்கெல்லாம் முன்னே சென்று எச்சரிப்பது. நோய் வந்தபின் அதன் எண்ணையும் சேர்த்து எழுத வேண்டும். ஒன்றை எழுதியதால் மற்றது தேவையில்லை என்றாகாது.

நிற்க. நம் ஊர்களில் புறநோயாளிப் பிரிவில் கர்ப்பிணியின் சீட்டில் இவ்வெண்ணை எல்லாரும் எழுதுவதில்லை என்பது உண்மையே. பெரிய மருத்துவமனைகளின் பதிவேட்டு அறைகளில், பெரும்பாலும் வீடு திரும்பிய பின்னரே எண் இடப்படுகிறது. கர்ப்பிணியின் கையிலுள்ள அட்டையில் அதே வேலையைச் செய்வது ஒரு சிவப்பு ஒட்டுச்சீட்டு. 2016-இல் தொடங்கிய தாய்மைப் பாதுகாப்புத் திட்டத்தின்படி, மாதந்தோறும் 9-ஆம் தேதி அரசு மருத்துவமனைகளில் மருத்துவரே நேரில் கர்ப்பிணிகளைப் பார்க்கிறார். ஆபத்துள்ளவர்களின் அட்டையில் சிவப்பும், இல்லாதவர்களுடையதில் பச்சையும் ஒட்டுகிறார்கள். சிவப்பு ஒட்டப்பெற்றவளுக்கு அதற்கு மேலும் மூன்று பரிசோதனைகளுக்கு வந்துபோக உதவித்தொகையும் 2022 முதல் உண்டு. எண்ணோ நிறமோ, இரண்டும் வயதை உண்மையாகச் சொன்னால்தான் கிடைக்கும்.

இங்கேதான் நாமே குறுக்கே நிற்கிறோம். பதினேழு வயதுப் பெண்ணைப் பத்தொன்பது, இருபது என்று எழுதிக்கொடுக்கும் பெற்றோர் உண்டு. 18-க்குக் கீழ் மணம் முடித்தது சட்டத்திற்கு விரோதம். 2012-ஆம் ஆண்டுப் போக்சோ சட்டத்தின்படி, அவ்வயதுப் பெண் கர்ப்பமாயிருப்பதை அறிந்த மருத்துவர் காவல்துறைக்குத் தெரிவித்தாக வேண்டும். அச்சம் விளங்குகிறது. ஆனால் சட்டம் தகவலைக் கேட்கிறதே தவிர, சிகிச்சையை மறுக்கச் சொல்லவில்லை. கருக்கலைப்பை நாடும் சிறுமியும் அவளுடைய காப்பாளரும் கோரினால், அத்தகவலில் அவள் பெயரையும் அடையாளத்தையும் மருத்துவர் வெளியிட வேண்டியதில்லை என்று 2022 செப்டம்பரில் உச்ச நீதிமன்றமும் கூறியிருக்கிறது. மாறாக, வயதை இருபது எனக் கூட்டி எழுதியவுடன் பெண் ‘இசட் 34’ ஆகிவிடுகிறாள். பச்சைச் சீட்டு ஒட்டப்படுகிறது. பெரிய ஆஸ்பத்திரிக்கு முன்கூட்டியே அனுப்ப வேண்டியவளை, வலிப்புக் கண்டபின் நள்ளிரவில் வண்டி தேடி அனுப்புகிறார்கள். காகிதத்தில் ஏறிய வயது, உடலில் ஏறுவதில்லை அல்லவா?

ஆகவே, ரயிலேறும் முன் சில காரியங்களைச் செய்துகொள்ளலாம். கர்ப்பத்தைப் பதிவு செய்தபோது தந்த 12 இலக்க எண் அட்டையில் தெளிவாக இருக்கிறதா என்று பாருங்கள். தமிழ்நாட்டில் பிறப்பைப் பதியும்போதும் அவ்வகை எண்ணைக் கேட்கிறார்கள். அங்குள்ள மருத்துவரிடம், அபாயக் குறிப்பையும் நோயின் எண்ணையும் ஒரு தாளில் எழுதி வாங்குங்கள். கடைசியாகப் பார்த்த ரத்த அழுத்தமும் ஹீமோகுளோபின் அளவும் தேதியோடு வேண்டும். இரும்புச்சத்து மாத்திரை 180 நாள் உண்ண வேண்டியது; பயணத்தில் அது நின்றுபோவது வழக்கம், கைப்பையிலேயே வைத்துக்கொள்ளுங்கள். ஊர் வந்து சேர்ந்த வாரத்திலேயே, உறவினர் வீட்டு விருந்துகளுக்கு முன்பாக, அருகிலுள்ள ஆரம்ப சுகாதார நிலையத்தில் அட்டையைக் காட்டிவிடுங்கள். அங்கே கேட்கும் முதற்கேள்வி கடைசி மாதவிலக்கின் தேதியாக இருக்கும். தமிழ் மாதத்தில் நினைவிருந்தால் அப்படியே சொல்லலாம். ஆங்கிலத் தேதியாக மாற்றிக்கொள்வது அவர்கள் வேலை.