ம்யூனிக் திரையில் ஒரு வங்காளி: ஹிமான்ஷு ராய்

சித்தையன்கோட்டையில் இருந்து பதிவு பண்றேன், நடுவுல தெருச் சத்தம் கேட்டா பொறுத்துக்கோங்க.

1921-ல பெர்லின் பக்கத்துல செட் போட்டு 'இந்தியக் கல்லறை'ன்னு ஒரு மௌனப் படம் எடுத்தாங்க. அதுல இந்திய மகாராஜாவா நடிச்சவர் கான்ராட் ஃபைட். யோகியா வந்தவரும் அவரை மாதிரி ஜெர்மன்காரர்தான். ஒரு தலைப்பாகை, கொஞ்சம் மேக்கப், வேலை முடிஞ்சது.

நாலே வருஷத்துல, 1925 அக்டோபர்ல, ம்யூனிக் திரையில புத்தரா ஒரு நிஜ இந்தியர் வந்தார். ஹிமான்ஷு ராய். லண்டனுக்குச் சட்டம் படிக்கப் போய், நாடகத்துல இறங்கின வங்காளி. படம் 'பிரேம் சன்யாஸ்'. நம்ம கவிமணி 'ஆசிய ஜோதி'ன்னு தமிழ்ல கொடுத்தாரே, அந்த எட்வின் ஆர்னால்டு காவியம்தான் மூலம்.

இது அவர் ஆடிஷன் போய் வாங்கின வேஷம் இல்லை. எமெல்கா கம்பெனிகிட்ட நேரா போய் டீல் பேசினார். டைரக்டர் ஃபிரான்ஸ் ஆஸ்டன், கேமரா, டெக்னீஷியன்கள் அவங்களோடது. பணம், நடிகர்கள், லொக்கேஷன் எல்லாம் இந்தியா பக்கம். செட் இல்லை, மேக்கப் இல்லைன்னு படத்துலயே கார்டு போட்டாங்க. ஆனா ஹீரோயின் சீதாதேவியோட நிஜப் பேர் ரெனீ ஸ்மித், ஆங்கிலோ இந்தியப் பொண்ணு. அசல்னு விக்கணும்னா பேரை மாத்தணும் போல!

அதே காலத்துல ஐரோப்பா வந்த சீன அமெரிக்க நடிகை அன்னா மே வாங்கை எடுத்துக்கோங்க. 1928-ல 'சாங்', 1929-ல 'பிக்காடிலி'. பிரமாதமான நடிப்பு. ஆனா ரெண்டு கதையிலயும் கடைசியில அவங்க சாகணும். கதையை முடிவு பண்ற நாற்காலி அவங்க கையில இல்லை. ராய் கையில இருந்தது.

அதை வெச்சு அவர் என்ன பண்ணார்? 1928-ல 'ஷிராஸ்', தாஜ்மஹாலுக்கு வடிவம் தர்ற குயவர் வேஷம். 1929-ல 'பிரபஞ்ச பாஷ்', பகடையில ஏமாத்துற ராஜா. அரண்மனை, யானை, ராணி. வெளியே ஒத்துழையாமை இயக்கமே நடந்து முடிஞ்சிருக்கு, படத்துல அதோட சுவடே கிடையாது. என்னைக் கேட்டா, ஆள் அசல், கனவு மட்டும் அதே பழைய ஐரோப்பியக் கனவு. அங்கே டிக்கெட் வித்தது அதுதான்.

பேசும் படம் வந்து, ஜெர்மனியில ஹிட்லரும் வந்த பிறகு அவர் ஊர் திரும்பி, 1934-ல பாம்பே டாக்கீஸ் ஆரம்பிச்சார். 1936-ல 'அச்சுத் கன்யா': பிராமணப் பையன், தலித் பொண்ணு, காதல். டைரக்டர் யாரு? அதே ஆஸ்டன். அந்த வருஷம்தான் அவர் நாஜிக் கட்சியிலயும் சேர்ந்தார்!

'ஷிராஸ்' படத்தை பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் புதுப்பிச்சு, 2017-ல அனுஷ்கா சங்கர் இசையோட திரையிட்டாங்க. கிடைச்சா ஹெட்ஃபோன் போட்டுப் பாருங்க. ராயோட கண்ணை மட்டும் கவனிங்க.