தூரம் என்னும் வேலி



2024 ஏப்ரல் 21, ஞாயிற்றுக்கிழமை. புத்தாண்டுக் களை இன்னும் தீராத நேரம். ஐந்து ஆண்டுகளுக்குப் பிறகு தியத்தலாவை பொக்ஸ் ஹில்லில் கார்ப் பந்தயம். பெருங்கூட்டம் திரண்டது. தடத்தில் ஒரு கார் புரண்டது. வேகத்தைக் குறைக்கும்படி எச்சரிக்கைக் கொடி காட்டினார்கள். அதற்குள் இன்னொரு கார் தடம் விலகி, நின்றவர்கள்மேல் பாய்ந்தது. ஏழு உயிர்கள் போயின. அதில் ஒன்று எட்டு வயதுச் சிறுமியுடையது.

ஓட்டுகிறவரைக் காக்க மனிதன் எவ்வளவோ கண்டுபிடித்துவிட்டான். கூரை நசுங்காத இரும்புக் கூடு, தீயைத் தாங்கும் உடை, கழுத்தைக் காக்கும் ஹான்ஸ் கருவி. 2018 முதல் ஃபோர்முலா வன் காரில் தலைக்கு மேலே ஹாலோ வளையம். 2020இல் பஹ்ரைனில் ரொமைன் குரோஜானின் கார் தடுப்பைப் பிளந்து, இரண்டாகி எரிந்தது. அந்த நெருப்புக்குள்ளிருந்து அவர் உயிரோடு வெளியே வந்தார். அந்த அறிவை வணங்குகிறேன்.

பார்க்க வந்தவருக்கு என்ன இருக்கிறது? தலைக்கவசமா, இரும்புக் கூடா? அவருக்குள்ள காப்பு தூரமும் வேலியும்தான். 1955இல் பிரான்சின் லெ மான்ஸ் பந்தயத்தில் எண்பதுக்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். அதன்பின் சுவிட்சர்லாந்து சுற்றுத்தடக் கார்ப் பந்தயத்தையே தடை செய்தது. லெ மான்ஸில் பாதையை அகலமாக்கி, பார்வையாளர் மேடையைப் புதிதாகக் கட்டினார்கள்.

தூரத்தின் அருமை மீரியபெத்த என்னும் இந்த ஊருக்குத் தெரியும். 2014 ஒக்டோபர் 29 காலை மலை சரிந்து நம் லயங்களை மூடியது. 2005லும் 2011லும் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் எச்சரித்திருந்தது. எச்சரிக்கை வந்தது; ஒதுங்கிப் போய்க் குடியிருக்க நிலமும் வீடும் வரவில்லை. "விலகிப் போ" என்று சொல்பவர், போக இடமும் காட்ட வேண்டும். பந்தயத் திடலிலும் அதே நியாயம்தான். கொடி ஓட்டுநருக்கு. சனத்துக்கு வேண்டியது மண்மேடு, டயர்ச் சுவர், கம்பிவேலி, எட்டி நிற்க இடம்.

தம்பிமாரே, பந்தயம் பாருங்கள். வளைவின் வெளிப்பக்கம் மட்டும் நிற்காதீர்கள். தடம் விட்ட கார் பெரும்பாலும் அந்தப் பக்கம்தான் பாயும். பந்தயம் நடத்தும் ஐயாமாரே, முதல் காரை ஓடவிடுமுன், வேலியோரம் நிற்கும் கடைசிப் பிள்ளை எங்கே நிற்கிறது என்று நடந்து போய்ப் பாருங்கள்.