சட்டத்துக்கு ஒரு விலை



பணத்தைக் காட்டி ஒரு சட்டமன்றத்தைச் சட்டம் இயற்றவைக்க முடியுமா? முடியும். நம் நாட்டிலேயே நடந்திருக்கிறது. லஞ்சமாக அல்ல, அரசியலமைப்பு வகுத்த நிதிக்குழு வழியாக.

சி. ரங்கராஜன் தலைமையிலான 12ஆவது நிதிக்குழு 2005 முதல் 2010 வரையிலான காலத்துக்கு மாநிலங்கள்முன் ஒரு பேரம் வைத்தது. மத்திய அரசிடம் வாங்கிய பழைய கடன்களை ஒன்றாக்கி, 7.5 சதவீத வட்டியில் 20 ஆண்டுத் தவணையாக மாற்றித் தருகிறோம். நீங்கள் பற்றாக்குறைக்கு இலக்கு விதிக்கும் நிதிப் பொறுப்புடைமைச் சட்டம் நிறைவேற்றுங்கள் என்றது. கர்நாடகம் 2002இலும், தமிழ்நாடும் கேரளமும் 2003இலும் முன்பே இயற்றியிருந்தன. மற்றவை அடுத்தடுத்து வந்தன. நெடுநாள் ஒதுங்கி நின்ற மேற்கு வங்கமும் 2010இல் இயற்றியது.

பெரிய வெற்றிதான். ஆனால் வருகைப் பதிவுக்காக மட்டும் வகுப்புக்கு வருபவர்களை உங்களுக்குத் தெரியும்தானே? (சிரிக்கிறவர்கள் யாரென்று பேராசிரியர்கள் பார்த்துக்கொள்ளட்டும்.) சட்டங்களும் அப்படி இருக்கலாம். சட்டம் முன்பே இருந்த தமிழ்நாட்டில்கூட 2013-14 முதல் வருவாய்ப் பற்றாக்குறை தொடர்ந்தது, 2021 ஆகஸ்டில் மாநில அரசு வெளியிட்ட வெள்ளை அறிக்கை அதை விரித்துச் சொன்னது. ஏட்டில் இருக்கும் இலக்கை, ஏட்டிலேயே திருத்தித் தள்ளிப்போடலாம். கடனைப் பொதுத்துறை நிறுவனங்களின் கணக்கில் ஏற்றிவிட்டால், பட்ஜெட் பார்வைக்கு ஒல்லியாகவே இருக்கும்.

அந்த நிதிக்குழு இதை ஓரளவு எதிர்பார்த்தது என்றே நினைக்கிறேன். அதன் பேரத்தில் இன்னொரு பாதி உண்டு, பலர் அதைக் கவனிப்பதில்லை. சட்டம் போட்டால் வட்டி குறையும். வருவாய்ப் பற்றாக்குறையை உண்மையாகவே குறைத்துக் காட்டினால் கடன் தவணையும் தள்ளுபடியாகும். சட்டத்துக்கு ஒரு கூலி, விளைவுக்கு இன்னொரு கூலி. எனக்குப் பிடித்தது இரண்டாவது.

2020இல் கொரோனா நெருக்கடியின்போது மத்திய அரசு வேறொரு வழி எடுத்தது. ரேஷன் அட்டை, மின்துறை உள்ளிட்ட நான்கு சீர்திருத்தங்களில் ஒவ்வொன்றுக்கும், மாநில உற்பத்தியில் 0.25 சதவீதம் கூடுதலாகக் கடன் வாங்க அனுமதி. பரிசே கடன்! கையில் பணமில்லாத நேரத்தில் விதிக்கும் நிபந்தனையை ஊக்கத்தொகை என்று அழைக்க எனக்கு மனம் வரவில்லை.

இன்று பட்டம் பெறும் பொருளியல், சட்ட மாணவர்களே, உங்களில் சிலர் நாளை இத்தகைய நிபந்தனைகளை எழுதும் மேசையில் அமர்வீர்கள். பணம் எந்த நாளில் போய்ச் சேர்கிறது என்று பாருங்கள்: மசோதா நிறைவேறும் நாளிலா, மூன்று ஆண்டு கழித்துத் தணிக்கை முடிந்த பிறகா? வரைவில் அந்த ஒரு வரிக்காக எவ்வளவு வேண்டுமானாலும் சண்டை போடுங்கள்.