கொறுக்காய்ப்புளி



தென்னிலங்கையின் அடுக்களைகளிற் கருஞ்சுருளாய்க் காணப்படும் கொறுக்காய்ப்புளியை நம்மிற் பலர் அறிவர். அதனை ஈன்ற மரத்தைக் கண்டவரோ சிலரே. தமிழகத்தார் கொடுக்காய்ப்புளி என வழங்கும் சுருள்நெற்று மரம் வேறு, இது வேறு. இது மங்குஸ்தான் குடும்பத்தது. சிங்களத்தில் இதன் பெயர் கொறக்கா. மேற்குத் தொடர்ச்சி மலையின் குடம்புளி இதற்கு நெருங்கிய உறவு. எனினும் ஈரவலயக் காடுகளில் வளரும் ஓரினம் இலங்கைக்கே உரியது.

சிறு பூசணிபோல் வரிவரியாய்ப் பிளவுண்ட இக்கனியைக் கீறி, விதை நீக்கி, கருகுமளவும் உலர்த்துவர். அவ்வாறு உலர்ந்த புளியை அரைத்து, மிளகும் உப்பும் கூட்டி, சூரை மீன் துண்டங்களிற் பூசி, மட்பாண்டத்தில் நீர் வற்றச் சமைப்பதே அம்புல் தியல். குளிர்ப்பெட்டி இல்லாக் காலத்தும் அது நாட்கணக்கிற் கெடாதிருந்தது. புளியின் அமிலம் மீனைக் கெடுக்கும் நுண்ணுயிர்களின் பெருக்கத்தைத் தடுப்பதே அதன் காரணம்.

குடம்புளிக் கனியிலுள்ள முதன்மை அமிலம் ஐதரொட்சி சித்திரிக்கமிலம் என்பதை மைசூர் ஆய்வாளர் 1965இல் வெளியிட்டனர். பின்னர், உடலை மெலிவிக்கும் மருந்தென அதன் சாற்றைக் குளிசைகளாக்கி உலகெங்கும் விற்றனர். 1998இல் அமெரிக்காவில் 135 பேரிடம் 12 வாரம் நிகழ்ந்த ஆய்வில், வெற்றுக் குளிசை உண்டோரினும் மிகுதியாக இதனை உண்டோர் மெலிந்திலர். இத்தகைய குளிசைகளை உண்டோர் சிலருக்கு ஈரற் பாதிப்பு நேர்ந்தமையும் மருத்துவ ஏடுகளிற் பதிவாகியுள்ளது. கறியில் இடும் புளி வேறு. செறிவாக்கிய சாறு வேறு. இவ்வேறுபாட்டை நாம் மறத்தலாகாது.

இம்மரத்தில் ஆண், பெண் எனும் பிரிவு உண்டு. விதையினின்று எழுந்த கன்று எப்பாலது என்பது அது பூக்கும்வரை புலப்படாது. அதற்குப் பல்லாண்டு செல்லும். காய்க்கும் பெண்மரத்தின் கிளையை ஒட்டிய கன்று நட்டால் இவ்வையம் நீங்கும், காத்திருப்பும் குறையும்.

ஆயினும், தோட்டம் காட்டுக்கு ஈடாகாது. சிங்கராச வனத்தில் 1970களில் ஒட்டுப்பலகைக்காக மரங்களைத் தறித்தனர். மக்களின் எதிர்ப்பால் அவ்வேலை 1977இல் நின்றது; 1988இல் அவ்வனம் உலக மரபுரிமையாயிற்று. காட்டு மரங்களின் பன்மையே நாளைய நற்கன்றுகளுக்கு வித்து. அடுக்களைப் புளியைக் கையில் எடுக்கும்போது அதனைத் தந்த காட்டையும் நினைப்போமாக.