இரவற் குரலும் சொந்தக் குரலும்
(ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



ஆண்டு விழா மேடைகளில் வழக்கமாகப் பேசப்படும் பொருள்களை விட்டு, இன்று நாம் ஒரு புதுப் பொருளை எடுத்துக்கொண்டிருக்கிறோம். யப்பான் நாட்டார் வரையும் சித்திரப் படங்களுக்கு ஆங்கிலத்திலும் பிற மொழிகளிலும் குரல் கொடுப்போரின் தொழில் பற்றியது அது. இந்து வாலிபர் கூடிய சபையில் கார்ட்டூனுக்கு என்ன வேலை என்று பெரியோர் சிலர் முகஞ் சுளிக்கக்கூடும். அவர்கள் சற்றே பொறுத்துக் கேட்க வேண்டுகிறோம். நம் வீட்டுப் பிள்ளைகள் நாள்தோறும் எந்தக் குரலைக் கேட்டு வளர்கிறார்கள் என்பது நமக்குப் புறம்பான விஷயமன்று.

முதலில் நம் சமயத்தோடு ஒட்டிய ஓர் உதாரணத்தையே காட்டுகிறோம். யூகோ சாகோ என்ற யப்பானியர், அகழ்வாராய்ச்சி அறிஞர் பி. பி. லாலின் பணி பற்றி விவரணப் படம் எடுப்பதற்காக 1983ஆம் ஆண்டளவில் இந்தியா வந்தார். வந்த இடத்தில் இராமகாதை அவர் உள்ளத்தைக் கவர்ந்துகொண்டது. இந்தியச் சித்திரப்படக் கலையின் தந்தை என மதிக்கப்படும் ராம் மோகனையும், கோயிச்சி சசாகி என்ற யப்பானியரையும் துணைக்கொண்டு, அக்காதையை முழுநீளச் சித்திரப் படமாக்கினார். ஏறக்குறைய ஒரு இலட்சம் ஓவியங்கள் கையாலேயே வரையப்பட்டன. 1992இல் நிறைவெய்திய அப்படம் 1993இல் இந்தியாவின் சர்வதேசத் திரைப்பட விழாவில் காட்டப்பட்டது.

படத்தின் உரையாடல்கள் முதலில் ஆங்கிலத்திலேயே அமைந்தன, பாடல்கள் சமஸ்கிருதத்தில். யப்பானியத் தூரிகை வரைந்த இராமனுக்கு நிகில் கபூர் என்ற இந்திய நடிகர் ஆங்கிலத்திற் குரல் கொடுத்தார். சீதைக்கு ரேல் பதம்சி. பின்னர் இந்தி வடிவம் எழுந்தபோது, 1987இல் தொடங்கிய தொலைக்காட்சி இராமாயணத்தில் இராமனாகத் தோன்றிய அருண் கோவில் இச்சித்திர இராமனுக்கும் குரலானார். இராவணனுக்கு அம்ரிஷ் பூரி. அமெரிக்காவில் வெளியிட அமைத்த வடிவத்தில் இராமனுக்குப் பேசியவர் பிரையன் கிரான்ஸ்டன். கதை சொல்லியவர் ஜேம்ஸ் ஏர்ள் ஜோன்ஸ். 2025 சனவரியில் இப்படம் புதுப்பொலிவோடு இந்தியத் திரையரங்குகளுக்கு மீண்டும் வந்தபோது, தமிழ்க் குரலும் சேர்ந்தது. இராமன் முகம் ஒன்று. அவன் வாய்க்குள் புகுந்த குரல்களோ பல!

இக்குரல்காரருள் கிரான்ஸ்டனின் வாழ்க்கை இளைஞர்கள் கவனிக்கத் தக்கது. 1956இற் பிறந்த அவர், பெரும்புகழ் வருமுன் பல ஆண்டுகள் யப்பானியச் சித்திரப் படங்களுக்கு ஆங்கிலக் குரல் கொடுத்துப் பிழைத்தவர். 1994இல் யப்பானில் வெளிவரத் தொடங்கிய 'மக்ரோஸ் பிளஸ்' தொடரின் ஆங்கில வடிவத்தில் வானூர்தி வீரனாகப் பேசியவர் அவரே. ஆனால் அங்கே அவர் பெயர் 'லீ ஸ்டோன்' என்றே குறிக்கப்பட்டது. சொந்தப் பெயரும் இல்லை, சொந்த முகமும் இல்லை. 2008 தொடக்கம் 2013 வரை ஓடிய 'பிரேக்கிங் பாட்' தொடரில் நடித்து, தலைசிறந்த நடிகருக்கான எம்மி விருதை நான்கு முறை வென்றபோதுதான் உலகம் அவரை அறிந்தது. முகந் தெரியாத காலத்தில் இருட்டறையில் செய்த வேலை அவரது கல்லூரியாயிற்று என்று நாம் கருதுகிறோம். எல்லாருக்கும் இப்படிக் கதவு திறந்துவிடுவதில்லை என்பதையும் உடன் சொல்லிவைப்பது நம் கடமை.

அந்த வேலைதான் என்ன? ஒலி புகாத சிறு அறை, ஒலிவாங்கி, எதிரே திரை, காதில் மூலமொழிப் பேச்சு. மூன்று முறை 'பீப்' என்று ஒலிக்கும். நான்காவது ஒலிக்க வேண்டிய கணத்தில் நடிகர் பேசத் தொடங்க வேண்டும். திரையில் உருவம் வாய் திறக்கும்போது திறந்து, மூடும்போது மூட வேண்டும். ஓடினால் மூச்சிரைக்க வேண்டும். விழுந்தால் முனக வேண்டும். அமெரிக்காவில் பெரும்பாலும் ஒவ்வொருவரும் தனித்தனியே வந்து பேசிவிட்டுப் போகிறார்கள். எதிரில் பேசுபவர் இல்லாமலே கோபிக்கவும் அழவும் வேண்டியிருக்கிறது. ஒரே நாளிற் பலமணி நேரம் போர்க்களக் கூச்சலிட்டால் தொண்டை புண்ணாகிவிடும். ஆகவே குரலைப் பேணத் தெரியாதவருக்கு இத்தொழில் நிலையாது. யப்பானில் இக்கலைஞரைச் 'சேயூ' என்பர். அங்கே அவர்களுக்குத் தனி மதிப்பு உண்டு. 1936இற் பிறந்த மசாகோ நொசாவா என்ற அம்மையார், 'டிராகன் போல்' தொடரில் கோகு என்ற வீரனுக்கு 1986 முதல் குரலாக இருந்து வருகிறார். சிறுவனாய் இருந்தபோதும் வளர்ந்த ஆண்மகனான பின்னும் அவனுக்கு அந்த அம்மையாரின் குரலே.

இதெல்லாம் அந்நிய வித்தை என்று எண்ணவேண்டா. நம் கோயில் மண்டபத்திற் கந்தபுராணப் படனம் நடப்பதை நினைத்துப் பாருங்கள். ஒருவர் செய்யுளைப் பண்ணோடு வாசிக்கிறார். அருகிருப்பவர் அதன் பயனைச் சொல்கிறார். வாசித்தவர் நிறுத்திய இடத்தில் இவர் எடுக்க வேண்டும். அவர் காட்டிய உணர்ச்சி குன்றாமல், கேட்போருக்கு விளங்கும் தமிழிற் கொடுக்க வேண்டும். ஒருவர் வாக்கை இன்னொருவர் நாவினால் சபையின் காதிற் சேர்க்கும் இவ்வித்தைதானே அங்கும் நடக்கிறது? முல்லைத்தீவுப் பகுதியிற் கோவலன் கூத்தும், வன்னியெங்கும் காத்தவராயன் கூத்தும் ஆடப்படும்போது, ஆடுபவன் பாட்டை அண்ணாவியாரும் பிற்பாட்டுக்காரரும் ஏந்தி எடுக்கிறார்கள். களரியில் ஆடுபவன் களைத்தாலும் பாட்டுக் களைப்பதில்லை. குரல் இரவல் கொடுப்பது நமக்குப் பழகிய தருமமே.

இன்னொரு செய்தி உங்களுக்கு வியப்பளிக்கும். யப்பானிய மொழியை ஆங்கிலமாக்குவதிலும் தமிழாக்குவது சில வகையில் இயல்பானது. தமிழிற் போலவே யப்பானிய மொழியிலும் வினைச்சொல் வாக்கியத்தின் கடைசியில் வரும். "நான் உன்னை விட்டுப் போகமாட்டேன்" என்னும்போது 'மாட்டேன்' என்பது ஈற்றிலேயே வெளிப்படுகிறது. சித்திரத்தின் முகமும் அந்த இடத்திலேயே மாறும். ஆங்கிலத்தில் மறுப்பு முன்னரே வந்துவிடுகிறது. ஆதலால் முகமாற்றத்துக்கும் சொல்லுக்கும் இசைவு உண்டாக்க ஆங்கில வசனகாரர் வாக்கியத்தையே உடைத்துக் கட்டுகிறார். யப்பானியக் குடும்பங்களில் இளையவர் மூத்தவரைப் பெயர் சொல்லி அழைப்பது அரிது. 'அண்ணா', 'அக்கா' என்பதற்கு ஒத்த சொற்களாலேயே அழைப்பர். ஆங்கிலத்தில் அங்கே வெறும் பெயரைப் போட்டு நிரப்புகிறார்கள். முன்னிலைக்கு ஆங்கிலேயரிடம் 'யூ' என்ற ஒரு சொல்லே உண்டு. நம்மிடமோ நீ, நீர், நீங்கள் என்று மூன்று படிகள். அந்த நடுப்படியாகிய 'நீர்' என்பதைத் தமிழ்நாட்டார் பேச்சில் இன்று பெரும்பாலும் கேட்பதற்கில்லை. நம் ஊரில் இன்னும் உயிரோடு இருக்கிறது. மதிப்பும் நெருக்கமும் கலந்த யப்பானிய உரையாடலை எடுத்துச் சொல்ல நம் பேச்சில் எத்துணை வளம் இருக்கிறது பாருங்கள்!

தமிழகத்திலும் இரவற் குரலின் பெருமை பெரிது, பெயர் சிறிது. நடிகர் மோகன் நடித்த படங்கள் பலவற்றிற் பேசிய குரல் எஸ். என். சுரேந்தருடையது, அவர் வாயசைத்த பாட்டுகள் பலவற்றின் குரல் எஸ். பி. பாலசுப்பிரமணியத்தினுடையது. முகம் ஒருவர், பேச்சு ஒருவர், பாட்டு ஒருவர். அதே பாலசுப்பிரமணியம் 'காந்தி' படத்தின் தெலுங்கு வடிவத்தில் பென் கிங்ஸ்லிக்குக் குரல் கொடுத்தார். கமல்ஹாசன் நடித்த பல படங்களுக்கும் தெலுங்கிற் பேசினார். பாட்டிலே பெயர் பெற்ற அவரை ஊர் அறியும். பேச்சை மட்டும் கொடுத்து மறைந்திருப்போரை எத்தனை பேர் அறிவர்?

இனி, இவ்வுரையை நாம் எடுத்துக்கொண்டதன் காரணத்துக்கு வருகிறோம். இன்று கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் நம் சிறுவர் பார்க்கும் சித்திரப் படங்கள் ஆங்கிலக் குரலிலோ சென்னைத் தமிழிலோதான் பெரும்பாலும் வருகின்றன. சென்னைத் தமிழ் மீது நமக்குப் பகையில்லை, அதுவும் தமிழே. ஆயினும், நம் அம்மம்மாமார் பேசும் பேச்சை ஒரு வீரனோ ஒரு தேவதையோ பேசக் கேளாமலே ஒரு தலைமுறை வளர்கிறது. உயர்ந்த பேச்சு வேறெங்கோ இருக்கிறது, நம் பேச்சு பகிடிக்கு மட்டுமே உரியது என்ற எண்ணம் பிஞ்சு மனத்தில் விழுந்துவிடாதா? நம் நாட்டிலேயே மாற்றுவழி காட்டியவர் உண்டு. யப்பானிய அரசின் உதவியோடு 1982இல் தொடங்கிய ரூபவாஹினியில் டைட்டஸ் தொட்டவத்த என்ற கலைஞர், அந்நியச் சித்திரப் படங்களுக்குச் சிங்களக் கிராமத்துப் பேச்சின் மணத்தை ஏற்றினார். சிங்களப் பிள்ளைகள் அவற்றைத் தம் ஊர்க் கதைகளாகவே கண்டு மகிழ்ந்தனர். 2011இல் அவர் மறைந்தார். அவர் செய்தது நிற்கிறது. தமிழில் அதைச் செய்யும் பொறுப்பு நமக்கும் உண்டு.

இதற்கிடையே புதியதொரு சிக்கல் வந்திருக்கிறது. ஒருவர் குரலைச் சிறிது பதிந்து வைத்தால், அவர் சொல்லாததையும் அவர் குரலிற் சொல்லும் இயந்திர அறிவு இன்று உண்டு. 2024இல் 'லால் சலாம்' படப் பாடலில், மறைந்த பம்பா பாக்யா, சாகுல் ஹமீது ஆகியோரின் குரல்களை ஏ. ஆர். ரகுமான் இவ்வாறு ஒலிக்கச் செய்தார். குடும்பத்தாரின் அனுமதி பெற்று, உரிய பணமுங் கொடுத்ததாக அவர் அறிவித்தார். கேளாமல் எடுப்போரும் உளர். அதனாலேயே அமெரிக்காவில் விளையாட்டு மென்பொருள்களுக்குக் குரல் கொடுக்கும் கலைஞர் 2024 யூலையில் வேலைநிறுத்தம் தொடங்கி, ஏறக்குறைய ஓராண்டு போராடினர். ஒருவன் குரல் அவன் சொத்து என்பதே வழக்கு. 2009 வரை நீண்ட யுத்தத்தில் வீட்டையும் வயலையும் விட்டு, கூத்துக் கொப்பிகளையும் ஒலிநாடாக்களையும் கைவிட்டு ஓடிய நமக்கு இதை விளக்கத் தேவையில்லை. அப்பொழுது அண்ணாவிமாரின் தொண்டையில் இருந்தது மட்டுமே எஞ்சியது.

இளைஞர்களே, குரற்றொழிலை நாடுவீராயின் சிலவற்றை மனத்திற் கொள்ளுங்கள். நாள்தோறும் அரைமணி நேரம் ஒரு நூலை உரக்க வாசியுங்கள். கைத்தொலைபேசியிற் பதிந்து கேட்டுக் குற்றங் களையுங்கள். ளகர ழகர வேறுபாடு கெடாமற் பழகுங்கள். திருக்குறளின் சொல்வன்மை அதிகாரத்தைப் பொருளுணர்ந்து படியுங்கள். ஆங்கிலத்தைத் திருத்தமாகக் கல்லுங்கள். உலகத்துக் குரற்சந்தை அதன் வழியே திறக்கிறது. படிப்பையும் கைத்தொழிலையும் இதற்காகக் கைவிடாதீர்கள். உங்கள் குரலை எதற்கு, எவ்வளவு காலத்துக்குப் பயன்படுத்துவார்கள் என்று எழுத்தில் இல்லாத எந்த ஒப்பந்தத்திலும் கையெழுத்திடாதீர்கள்.

பெரியோர்களே, உங்களிடமும் ஒரு விண்ணப்பம். படனத்திற் பயன் சொல்லும் இருக்கையை வாரம் ஒருமுறை ஓர் இளைஞனுக்கோ யுவதிக்கோ விட்டுக் கொடுங்கள். பிழை விட்டால் திருத்துங்கள், எழுப்பிவிடாதீர்கள். உங்களுக்குத் தெரிந்த கூத்துப் பாட்டுகளைப் பிள்ளைகள் பதிந்துகொள்ள இசைவு தாருங்கள். சங்கத்தார் ஆண்டுக்கு ஒரு கதையையேனும் எடுத்து, படம் வரையத் தெரிந்தவர் வரைய, குரல் உள்ளவர் பேச, வன்னித் தமிழில் நம் சிறுவருக்கு அளிக்கவேண்டும். அதற்குப் பெருஞ்செலவு வேண்டியதில்லை. அமைதியான ஓர் அறையும், ஒரு நல்ல ஒலிவாங்கியும், மனமொத்த நாலு பேரும் போதும்.

இரவற் குரல் கொடுப்பது இழிவன்று. தன் குரல் இன்னதென்று அறிந்தவனே அதைப் பிறர்க்கு இரவல் கொடுக்க வல்லவன். அந்த அறிவை நம் இளைஞர் இவ்வூரிலேயே பெற எல்லாம் வல்ல இறைவன் திருவருள் பாலிப்பாராக.