ஓட்டு முதலில் வந்தது, சோறு பிறகு வந்தது

(அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி பகுதிகளின் தகவல் தொழில்நுட்ப அணித் தோழர்களுக்கான பயிலரங்கில் பேசியதன் எழுத்து வடிவம்)



எனக்குக் கொடுத்த தலைப்பு "கோட்பாடும் இந்திய அரசியலும்". போஸ்டர் வந்ததுமே நம்ம குரூப்பில் ஒரு தோழர் கேட்டார்: "ஃபீல்டுல நிக்கிறவனுக்கு தியரி எதுக்கு?" நியாயமான கேள்விதான்.

நம்மில் பாதிப் பேர் இன்ஜினியரிங் படித்தவர்கள். ஃப்ரீ பாடி டயகிராம் ஞாபகம் இருக்கா? பாலத்துக்கு என்ன பெயின்ட், யார் திறந்து வைத்தார், கல்வெட்டில் யார் பெயர், இது எதையும் அதில் வரைய மாட்டோம். எந்த விசை எங்கே அழுத்துது என்பதை மட்டும் வரைவோம். அரசியல் கோட்பாடு செய்வதும் இதே வேலைதான். கல்வெட்டை ஓரமா வச்சுட்டு விசையைப் பார்க்கச் சொல்லுது.

ஒரு கேள்வியை எடுத்துக்குவோம். தண்ணி வரலைன்னாலும், பட்டா வேணும்னாலும், முதியோர் உதவித்தொகை நின்னு போனாலும், நம்ம ஜனங்க ஏன் முதலில் கவுன்சிலரையோ எம்.எல்.ஏ.வையோ தேடிப் போறாங்க? "அவங்களுக்கு விவரம் இல்லை" என்று சிலர் சொல்வார்கள். "இலவசத்துக்குப் பழகிட்டாங்க" என்று வேறு சிலர் சொல்வார்கள். இரண்டும் திட்டுதான், விளக்கம் இல்லை.

விளக்கத்துக்கு 1949-க்குப் போகணும். அந்த வருஷம் இங்கிலாந்தில் டி.எச். மார்ஷல் என்ற சமூகவியலாளர் கேம்பிரிட்ஜில் குடியுரிமை பற்றிப் பேசினார். உரிமைகளை அவர் மூணா பிரித்தார். ஒன்று, பேச்சு, சொத்து, நீதிமன்றம் சார்ந்த குடிமை உரிமை. இரண்டு, ஓட்டு என்கிற அரசியல் உரிமை. மூன்று, கல்வி, சோறு, பாதுகாப்பான வாழ்க்கை என்கிற சமூக உரிமை. இங்கிலாந்தில் இவை ஒன்றன்பின் ஒன்றாக, மூன்று நூற்றாண்டுகளில் வந்தன என்றார். அங்கே 21 வயதான எல்லாப் பெண்களுக்கும் ஓட்டு கிடைத்ததே 1928-ல்தான்.

அதே 1949, நவம்பர் 25. அரசியல் நிர்ணய சபையில் அண்ணல் அம்பேத்கர் ஒரு எச்சரிக்கை கொடுத்தார். ஜனவரி 26 முதல் அரசியலில் எல்லோரும் சமம். சமூகத்திலும் பொருளாதாரத்திலும் சமமில்லை. இந்த முரண்பாட்டைச் சீக்கிரம் தீர்க்கலைன்னா, ஏற்றத்தாழ்வால் பாதிக்கப்பட்ட மக்கள் இந்த ஜனநாயகத்தையே தகர்த்துவிடுவார்கள் என்பதுதான் அதன் சாரம்.

மார்ஷலையும் அம்பேத்கரையும் பக்கத்தில் வைத்துப் படித்தால் ஒரு விஷயம் தெரியும். இங்கே வரிசையே வேற. பிரிட்டிஷ் ஆட்சியில் சொத்தும் படிப்பும் இருந்தவர்களுக்கு மட்டும் இருந்த ஓட்டு, 1951-52 தேர்தலில் ஒரே வீச்சில் சுமார் 17 கோடி பேருக்குக் கிடைத்தது. அதில் பெரும்பாலானோருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அரசியல் சட்டத்தைப் புரட்டிப் பாருங்க. 326-வது பிரிவு வயது வந்த எல்லோருக்கும் ஓட்டு தருது. ஆனால் வேலை, முதுமையில் உதவி, சத்தான உணவு எல்லாம் நான்காம் பகுதியில், வழிகாட்டு நெறிகளாக இருக்கு. அவற்றைக் கேட்டு நீதிமன்றம் போக முடியாது என்று 37-வது பிரிவே சொல்லிடுது.

அப்போ சாதாரண மனுஷன் கையில் என்ன இருந்தது? ஓட்டு மட்டும். சோறு, படிப்பு, வீடு எல்லாத்தையும் அந்த ஒரே கருவியை வைத்துத்தான் கேட்கணும். கவுன்சிலர் வீட்டு வாசலில் நிற்கும் கூட்டத்துக்குக் காரணம் இதுதான். அது விவரம் இல்லாத கூட்டம் கிடையாது. எந்தக் கதவு திறக்கும் என்று நல்லாத் தெரிந்த கூட்டம்.

இது வெறும் தியரியா? நம்ம ஊர் வரலாற்றில் வைத்துப் பார்க்கலாம். 1955 ஜனவரியில் இதே ஆவடியில் நடந்த காங்கிரஸ் மாநாட்டில் "சோஷலிச பாணி சமுதாயம்" என்று தீர்மானம் போட்டார்கள். நாடே பேசிய தீர்மானம். ஆனால் தீர்மானத்தைக் காட்டி யாரும் ஒரு வேளைச் சோறு வாங்க முடியாது. சோறு வேறு வழியில் வந்தது. 1920-ல் நீதிக்கட்சி நடத்திய சென்னை மாநகராட்சி, ஆயிரம் விளக்குப் பள்ளியில் மதிய உணவைத் தொடங்கியது. 1956-ல் காமராஜர் அதை மாநிலம் முழுக்க எடுத்துச் சென்றார். 1982-ல் எம்.ஜி.ஆர். சத்துணவாக விரிவாக்கினார். 1989-ல் கலைஞர் ஆட்சியில் முட்டை சேர்ந்தது. 2022-ல் காலை உணவும் வந்தது.

யார் பெரிய ஆள் என்று கமெண்டில் நாம் சண்டை போடுவோம், அது தனிக் கதை. டயகிராமில் தெரியும் விசையைப் பாருங்க. எந்தக் கட்சி வந்தாலும் அந்தத் தட்டைப் பிடுங்க முடியவில்லை. தாய்மார்கள் கையில் ஓட்டு இருந்தது.

இன்னொன்றும் நடந்தது. 2001 நவம்பர் 28-ல் உச்ச நீதிமன்றம், நாடு முழுக்க அரசு, அரசு உதவி பெறும் ஆரம்பப் பள்ளிகளில் சமைத்த மதிய உணவு கொடுக்கணும் என்று உத்தரவு போட்டது. 2013-ல் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டத்தில் அது பிள்ளைகளின் உரிமையாகவே எழுதப்பட்டது. சலுகையாக ஆரம்பித்தது சட்டமாக முடிந்தது. அடுத்த தடவை யாராவது "இலவசம் வாங்குறவனுக்கு ஓட்டு எதுக்கு?" என்று கேட்டால், இங்கிலாந்தில் அப்படி ஒரு விதியே இருந்தது என்று சொல்லுங்க. ஏழைகளுக்கான அரசு நிவாரணம் வாங்கினால் அங்கே ஓட்டு போயிடும். 1918-ல் அவர்களே அதைக் கைவிட்டார்கள். நூறு வருஷத்துக்கு முன்னால் குப்பைக்குப் போன வாதம் அது.

ஆனால் எல்லாச் சலுகையும் உரிமையாக மாறுவதில்லை. புறம்போக்கில் இருக்கும் குடும்பத்தைப் பாருங்க. அதே முகவரியில் ஓட்டர் ஐ.டி. இருக்கும், ரேஷன் கார்டு இருக்கும், கரண்ட் கனெக்‌ஷன் இருக்கும். பட்டா மட்டும் இருக்காது. அரசாங்கம் அவர்களை எண்ணுது, ஆனால் ஏற்றுக்கொள்ளவில்லை. பார்த்தா சாட்டர்ஜி, கொல்கத்தாவில் ரயில் பாதையோரக் குடியிருப்பு மக்களைப் பற்றி எழுதும்போது, இதற்கு "அரசியல் சமூகம்" என்று பெயர் வைத்தார். சட்டத்துக்கும் சட்ட மீறலுக்கும் நடுவில், பேரம் பேசியே வாழ்கிற மக்கள். பேரத்தில் ஒரு ஆபத்து இருக்கு. இன்றைக்குக் கிடைப்பது நாளைக்கு இல்லாமல் போகலாம்.

நம்ம பகுதியில் இது இன்னும் சிக்கல். இங்கே ஏரிகள் அதிகம். ஏரி நிலத்தைக் காக்க 2007-ல் போட்ட சட்டம் இருக்கு, 2015 வெள்ளம் கொடுத்த பாடமும் இருக்கு. ஏரிக்குள் பட்டா கொடுங்க என்று நாம் கேட்க முடியாது, கேட்கவும் கூடாது. ஆனால் அங்கிருந்து எழுப்பப்படும் குடும்பத்துக்கு, வேலைக்கும் பள்ளிக்கும் போய்வரக்கூடிய தூரத்தில் வீடு என்பது யாரோ பார்த்துச் செய்யும் தயவா, இல்லை அவர்கள் உரிமையா? கோட்பாடு நம் கையில் கொடுக்கும் கேள்வி இது. பதிலைப் போராடித்தான் வாங்கணும்.

கடைசியா, நம்ம வேலைக்கு வர்றேன். ஒரு தெருவுக்குக் குழாய் வந்தால் "பெற்றுத் தந்தோம்" என்று கார்டு போடுவது வழக்கம். இனிமே அந்தக் கார்டில் கூடுதலாக ரெண்டு வரி சேர்ப்போம். இது எந்தச் சட்டப்படி, எந்த அரசாணைப்படி வர வேண்டியது, வராவிட்டால் யாரிடம் எழுத்து மூலம் கேட்கலாம்? போட்டோவை ஜனங்க ஒரு நாள் பார்ப்பாங்க. அந்த ரெண்டு வரியை மடிச்சு வச்சுக்குவாங்க. நாளைக்கு நம்மையே அதை வைத்துக் கேள்வி கேட்டாலும் சரி. கேட்கட்டும், அதுக்குத்தானே கட்சி!



#சலுகை_அல்ல_உரிமை