வழக்காடியவர் இறந்தால் வழக்கு என்னவாகும்?

தெப்ராவ் வட்டாரத்தில் ஒரு காலத்தில் ரப்பர் மரங்கள் நின்ற இடங்கள் பல இன்று வீடமைப்புப் பகுதிகளாகிவிட்டன. ஆனால் ஒரு பழக்கம் மட்டும் மாறவில்லை. கோர்ட்டிலிருந்தோ வக்கீலிடமிருந்தோ கடிதம் வந்தால், நம் மக்கள் அதைத் தமிழ்ப்பள்ளி ஆசிரியரிடம்தான் முதலில் கொண்டு வருவார்கள்.

அப்படி ஒரு மாலையில் ஓர் அம்மா நம்மிடம் வந்தார். அவருடைய கணவர் தோட்டத் தொழிலாளி. லாரி மோதிக் கால் முறிந்தவர். நஷ்டஈடு கேட்டு வழக்குப் போட்டார். கிடைத்த தொகை போதாதென்று மேல்முறையீடும் செய்திருந்தார். அது விசாரணைக்கு வருமுன் வேறு நோய் கண்டு காலமாகிவிட்டார்.

"அவரே போய்விட்டார், இனி கேஸ் எதற்கு? காகிதத்தை அடுப்பில் போடச் சொல்கிறான் மகன். நீங்கள் ஒருமுறை படித்துச் சொல்லுங்கள், வாத்தியாரையா" என்றார்.

படித்தோம். எதிர்த்தரப்பு வக்கீலின் கடிதம் அது. இறந்தவருக்குப் பதிலாக யாரும் வழக்கில் சேராவிட்டால், மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்யும்படி நீதிமன்றத்தைக் கேட்கப் போவதாக எழுதியிருந்தது. அப்படியானால் வழக்கு இன்னும் உயிரோடுதான் இருக்கிறது என்று பொருள்!

நேயர்களே, ஆள் இறந்தால் வழக்கும் இறந்துவிடுமா? சில வழக்குகள் இறக்கும், சில இறக்கா. அந்த வேறுபாட்டை அறிந்துகொள்வது நமக்கு நல்லது.

முதலில் குற்ற வழக்கைப் பார்ப்போம். ஒருவருக்குச் சிறைத் தண்டனை கிடைக்கிறது. அவர் மேல்முறையீடு செய்கிறார். தீர்ப்புக்கு முன் இறந்துவிடுகிறார். இனி யாரைச் சிறையில் வைப்பது? ஆகவே நம் நாட்டுச் சட்டப்படி அந்த மேல்முறையீடு அத்துடன் முடிந்துவிடும். ஆனால் அபராதம் விதிக்கப்பட்டிருந்தால் நிலைமை வேறு. அபராதம் என்பது பணம். அது இறந்தவர் விட்டுச்சென்ற சொத்தைத் தொடும். எனவே அபராதத்தை எதிர்த்த மேல்முறையீடு மரணத்தால் முடிவதில்லை.

இதற்கு நாடறிந்த சான்று உண்டு. வழக்கறிஞரும் நாடாளுமன்ற உறுப்பினருமான கர்ப்பால் சிங்கை நம்மில் அறியாதவர் யார்? 2009-ஆம் ஆண்டு பேராக் மாநில அரசியல் நெருக்கடி குறித்து அவர் சொன்ன கருத்துக்காக, தேச நிந்தனைச் சட்டத்தின்கீழ் வழக்குத் தொடுக்கப்பட்டது. 2014 மார்ச் மாதம் அவருக்கு 4,000 வெள்ளி அபராதம் விதிக்கப்பட்டது. மேல்முறையீடு செய்திருந்த நிலையில், அவ்வாண்டு ஏப்ரல் 17-ஆம் நாள் கம்பார் அருகே நெடுஞ்சாலை விபத்தில் அவர் மாண்டார்.

அவருடைய மனைவி வழக்கைக் கைவிடவில்லை. கணவரின் இடத்தில் நின்று தொடர்ந்து நடத்தினார். 2016-இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அபராதத்தை 1,800 வெள்ளியாகக் குறைத்தது. குற்றத் தீர்ப்பை மட்டும் மாற்றவில்லை. அம்மையார் அதோடும் நிற்கவில்லை. 2019 மார்ச் 29-ஆம் நாள் கூட்டரசு நீதிமன்றம் கர்ப்பால் சிங் குற்றவாளி அல்லர் என்று தீர்ப்பளித்தது. அவர் இறந்து ஏறத்தாழ ஐந்து ஆண்டுகளுக்குப் பின் அவர் பெயரிலிருந்த கறை நீங்கியது.

தமிழ்நாட்டில் வேறொன்று நடந்தது. முன்னாள் முதல்வர் ஜெயலலிதாவுக்குச் சொத்துக் குவிப்பு வழக்கில் 2014-இல் சிறையும் 100 கோடி ரூபாய் அபராதமும் விதிக்கப்பட்டன. 2015-இல் கர்நாடக உயர்நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. அதை எதிர்த்து மேல்முறையீடு செய்தது கர்நாடக அரசு. தீர்ப்பு வருமுன், 2016 டிசம்பர் 5-ஆம் நாள் அவர் காலமானார். 2017 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம், அவரைப் பொறுத்தவரை மேல்முறையீடு அற்றுப்போயிற்று என்றது. உடனிருந்த மூவருக்கோ சிறைத் தண்டனையை உறுதி செய்தது. அபராதத்தையாவது வசூலிக்க வேண்டுமென்று கர்நாடக அரசு மீண்டும் மனுச் செய்தும் பயனில்லை. விடுதலையானவராக இறந்தவர்மீது இனித் தண்டனை ஏற்ற முடியாது என்பதே இதன் கருத்து.

சரி, நம் அம்மாவின் வழக்குக்கு வருவோம். அது பண வழக்கு, அதாவது சிவில் வழக்கு. 1956-ஆம் ஆண்டு சிவில் சட்டத்தின்படி, ஒருவருக்குரிய வழக்குரிமை அவர் இறந்தபின் அவருடைய சொத்தைச் சேரும். அவதூறு போன்ற சில வழக்குகளுக்கு மட்டும் விலக்கு உண்டு. வேலை நீக்க வழக்கிலும், தொழிலாளி இடையில் இறந்தால் தொழில் நீதிமன்றம் அவருடைய நெருங்கிய உறவினருக்குப் பணம் வழங்கலாம் என்ற விதி 2021 முதல் நடப்பில் உள்ளது.

ஆனால் உரிமை தானாக வந்து வீட்டுக் கதவைத் தட்டாது. குடும்பத்தார் செய்ய வேண்டியவை சில உண்டு. மரணச் சான்றிதழோடு உடனே வக்கீலைப் பாருங்கள். இறந்தவர் கொடுத்த அதிகாரம் அவரோடு முடிந்துவிடுவதால், வக்கீல் தாமாக வழக்கைத் தொடர முடியாது. உயில் இல்லாவிட்டால், சொத்தை நிர்வகிக்கும் சூராட் குவாசாவுக்கு மனுச் செய்ய வேண்டும். அது கிடைத்ததும், இறந்தவரின் இடத்தில் நிர்வாகியின் பெயரைச் சேர்க்கும்படி நீதிமன்றத்தைக் கேட்க வேண்டும். வக்கீலுக்குப் பணம் இல்லையென்று தயங்குவோர், ஜொகூர் பாருவிலுள்ள அரசாங்கச் சட்ட உதவி அலுவலகத்தில் விசாரிக்கலாம்.

எதிர்த்தரப்பு மேல்முறையீடு செய்திருந்தாலும் சும்மா இருந்துவிடாதீர்கள். நம் பக்கம் பேச ஆளில்லாமல் போகும். "அப்பாவின் கடன் நம் தலையில் விழுமோ" என்று பிள்ளைகள் அஞ்சவும் வேண்டாம். இறந்தவர் விட்டுச்சென்ற சொத்தளவுக்குத்தான் பொறுப்பு. பிள்ளைகளின் சொந்தச் சம்பளத்துக்கு அதில் சம்பந்தமில்லை.

அந்த அம்மா மறுநாளே மகனை அழைத்துக்கொண்டு வக்கீலிடம் சென்றார். கணவரின் இடத்தில் இப்போது அவர் பெயர் இருக்கிறது. தீர்ப்பு எப்படி அமையுமோ, அது நீதிமன்றத்தின் கையில். ஆனால் அடுப்புக்குப் போகவிருந்த வழக்கு இன்று நீதிபதியின் மேசைக்குப் போகிறது. உங்கள் வீட்டுப் பெட்டியிலும் அப்படி ஒரு காகிதம் இருந்தால், இன்றே எடுத்துப் பாருங்கள். படிக்கத் தெரிந்த ஒருவரிடம் காட்டுங்கள்.